அந்த நாற்காலியைக் கேள்வி கேட்பது யார்?

மாஃபியாவின் தாயகமான பலேர்மோவில் போலீஸ் தலைவர்களின் 150 ஆண்டு வரலாறு நமக்குச் சொல்லும் பாடம்

2020 அக்டோபர் 14. இத்தாலியின் பெருஜா நகர நீதிமன்றம் ஒரு தீர்ப்பை வாசித்தது. தண்டிக்கப்பட்டவர்களில் ஒருவர் ரெனாத்தோ கோர்த்தேசே. அன்றைய தேதியில் அவர் சிசிலித் தீவின் தலைநகரான பலேர்மோவின் போலீஸ் தலைவர். பணியில் இருக்கும்போதே அவருக்கு ஐந்தாண்டு சிறைத் தண்டனை விதிக்கப்பட்டது.

கோர்த்தேசே லேசுப்பட்ட அதிகாரி அல்ல. 43 ஆண்டுகள் போலீஸுக்குத் தண்ணி காட்டிய மாஃபியா தலைவன் பெர்னார்தோ ப்ரொவென்சானோவை, 2006 ஏப்ரல் 11 அன்று கோர்லியோனே ஊருக்கு வெளியே ஒரு பண்ணைக் குடிலில் வைத்துப் பிடித்த தனிப்படைக்குத் தலைமை தாங்கியவர். நாடே கொண்டாடிய ஹீரோ. ஆனால் பெருஜா நீதிமன்றத்தின் முன் இருந்த வழக்கு வேறு. 2013 மே மாதம், அவர் ரோமில் குற்றப் புலனாய்வுப் பிரிவின் தலைவராக இருந்தபோது, கஜகஸ்தான் அரசை எதிர்த்த ஓர் அரசியல் பிரமுகரின் மனைவியும் ஆறு வயது மகளும் ரோமில் பிடிக்கப்பட்டு, சில நாட்களுக்குள் தனி விமானத்தில் நாடு கடத்தப்பட்டார்கள். அது சட்டப்படியான வெளியேற்றம் அல்ல, ஆள் கடத்தல் என்றது தீர்ப்பு. குற்றச்சாட்டை அவர் மறுத்தார். ஆனாலும் பலேர்மோ பதவியில் அவர் நீடிக்கவில்லை. 2022 ஜூனில் மேல்முறையீட்டில் விடுதலை கிடைத்தது. பிறகு இத்தாலியின் உச்ச நீதிமன்றம் அந்த விடுதலையை ரத்து செய்து, ஃபிளாரன்ஸ் நீதிமன்றம் மறுபடி விசாரிக்கட்டும் என்று அனுப்பி வைத்தது.

அவர் குற்றவாளியா இல்லையா என்பது நீதிபதிகளின் வேலை. நாம் பார்க்க வேண்டியது இன்னொன்று. மாஃபியாவின் முதுகெலும்பை முறித்தவர் என்ற புகழோடு பதவியில் இருக்கும் ஒரு நகரப் போலீஸ் தலைவரை, இரண்டு அந்நியப் பெண்களுக்காகக் குற்றவாளியாக நிறுத்த ஒரு நாட்டில் முடிந்திருக்கிறது. அதற்கு எந்த அமைச்சரின் அனுமதிக் கையெழுத்தும் தேவைப்படவில்லை. அந்த நிலை அங்கே சும்மா வந்துவிடவில்லை. ரத்தம் கொட்டி வந்தது.

நியமிப்பது ரோம்

பலேர்மோவின் போலீஸ் தலைவருக்குக் குவெஸ்தோரே என்று பெயர். அவருடைய அலுவலகம் குவெஸ்தூரா. அதிகார எல்லை நகரம் மட்டுமல்ல, பலேர்மோ மாகாணம் முழுவதும். அவரை நகர மேயர் நியமிப்பதில்லை; மக்கள் ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுப்பதும் இல்லை. ரோமில் இருக்கும் உள்துறை அமைச்சகம் நியமிக்கிறது. அதே அமைச்சகம் ஒரே ஆணையில் அவரைத் தூக்கியடிக்கவும் முடியும்.

அவருக்குப் பக்கத்தில் இன்னோர் அதிகாரி உண்டு: ப்ரெஃபெத்தோ. நம்மூர்க் கலெக்டரைப் போல அரசின் நேரடிப் பிரதிநிதி. 1981 ஏப்ரல் 1 தேதியிட்ட 121ஆம் எண் சட்டம் இருவரின் எல்லைகளையும் பிரித்துக் காட்டியது. மாகாணத்தின் பொது அமைதிக்கு ஒட்டுமொத்தப் பொறுப்பு ப்ரெஃபெத்தோவுக்கு. களத்தில் படையை நிறுத்துவது, வழிநடத்துவது குவெஸ்தோரேவுக்கு. இத்தாலியப் போலீஸை ராணுவ அமைப்பிலிருந்து விடுவித்து சிவில் பணியாக மாற்றியதும், போலீஸாருக்குத் தொழிற்சங்க உரிமை கொடுத்ததும் இதே சட்டம்தான்.

குவெஸ்தோரேவின் மேசைக்கு வராத விஷயம் குறைவு. ஊர்வலம் நடத்துவோர் மூன்று நாள் முன்னதாக அவருக்குத் தெரிவிக்க வேண்டும். தகராறு நடக்கும் மதுக்கடையின் உரிமத்தை அவர் நிறுத்தி வைக்கலாம். 2016இல் ப்ரொவென்சானோ சிறைக் காவலில் இறந்தபோது, பொது இறுதி ஊர்வலம் கூடாது என்று தடை போட்டவர் அப்போதைய பலேர்மோ குவெஸ்தோரே. பாஸ்போர்ட் கொடுப்பதும் அவர் அலுவலகம். வெளிநாட்டவரின் வசிப்பு உரிமம் வெளிவருவதும் அவர் பெயரில்.

இந்தக் கடைசி விஷயம் நம்மவர்களைத் தொடுகிறது. 1980களிலிருந்து இலங்கைத் தமிழர்கள் பலேர்மோவில் குடியேறி வாழ்கிறார்கள். பல்லாரோ சந்தைத் தெருக்களில் தமிழ் காதில் விழும். மோன்தே பெல்லெக்ரினோ மலையில் இருக்கும் புனித ரொசாலியாவின் குகைக் கோயிலுக்குச் சைவர்களும் கத்தோலிக்கர்களும் சேர்ந்தே ஏறிப் போய் வேண்டுதல் வைக்கிறார்கள். வீட்டு வேலை, சமையல் வேலை என்று உழைக்கும் அந்தக் குடும்பங்களுக்கு அரசாங்கம் என்பதே பெரும்பாலும் குவெஸ்தூராவின் வரிசைதான். வசிப்பு உரிமத்தை மறுத்தால் காரணத்தை எழுத்தில் தர வேண்டும். அந்தக் கடிதத்தை எடுத்துக்கொண்டு நீதிமன்றம் போகலாம். குடியுரிமையே இல்லாத ஒரு தொழிலாளி, நகரப் போலீஸ் தலைவரின் கையெழுத்தை நீதிபதி முன் வைத்து ‘இது தப்பு’ என்று வாதாட முடிகிறது. பொறுப்புக்கூறல் என்ற பெரிய சொல்லுக்கு அடிமட்டத்தில் இதுதான் பொருள்.

போலீஸ் தலைவருக்கு வாரண்ட்

பலேர்மோவில் போலீஸ் தலைவரைக் கேள்வி கேட்கும் போராட்டம் இத்தாலி ஒன்றுபட்ட சில ஆண்டுகளிலேயே தொடங்கிவிட்டது. 1867 முதல் குவெஸ்தோரேவாக இருந்தவர் ஜுசெப்பே அல்பனேசே. குற்றத்தைக் குறைக்க அவர் கையாண்ட வழி, குற்றவாளிகளில் ஒரு கூட்டத்தைக் கையில் போட்டுக்கொண்டு இன்னொரு கூட்டத்தை அடக்குவது. சிசிலியில் அன்றைய அரசு நிர்வாகம் இதைத் தெரிந்தே அனுமதித்தது.

1871இல் பலேர்மோவின் தலைமை அரசு வழக்கறிஞர் தியேகோ தயானி, கொலைக்குத் தூண்டியதாகக் குற்றம் சாட்டி அல்பனேசே மீதே கைது வாரண்ட் பிறப்பித்தார். நகரம் அதிர்ந்தது. அரசு தன் அதிகாரியின் பக்கம் நின்றது. வழக்கில் ஆதாரம் போதவில்லை என்று அல்பனேசே தப்பினார். பதவியை உதறிவிட்டுப் போனவர் தயானிதான். அதோடு அவர் ஓயவில்லை. நாடாளுமன்ற உறுப்பினராகி, 1875 ஜூனில் ரோமில் அவையின் நடுவே நின்று மொத்தத்தையும் போட்டு உடைத்தார். மாஃபியா தன் சொந்த பலத்தால் மட்டும் ஆபத்தானதல்ல, ஆட்சி நிர்வாகமே அதைக் கருவியாகப் பயன்படுத்துவதால்தான் அதை வெல்ல முடியவில்லை என்பது அவர் வாதத்தின் சாரம். அதன்பின் சிசிலி நிலவரம் பற்றி நாடாளுமன்ற விசாரணைக் குழு அமைந்தது.

நியமித்தவரே காப்பாற்றவும் செய்தால் வழக்குத் தோற்கும், வழக்குப் போட்டவர் வெளியேறுவார். பலேர்மோ கற்ற முதல் பாடம் அது.

485 பக்கங்கள்

இரண்டாவது பாடம் நேர் எதிரானது. 1898 ஆகஸ்டில் வந்த குவெஸ்தோரே எர்மான்னோ சாஞ்ஜோர்ஜி நேர்மையானவர். பலேர்மோவைச் சுற்றியுள்ள எலுமிச்சை, ஆரஞ்சுத் தோப்புகளைப் பங்கு போட்டு ஆண்ட மாஃபியாக் குழுக்களை ஒவ்வொன்றாகப் பெயரோடு எழுதினார். 1898 நவம்பர் முதல் 1900 ஜனவரி வரை அவர் தொகுத்த அறிக்கை கையெழுத்தில் 485 பக்கங்கள். யார் தலைவன், எப்படி உறுப்பினர் சேர்க்கிறார்கள், மாமூல் வசூல் எப்படி, யாரைக் கொன்று எங்கே புதைத்தார்கள் என எல்லாமே அதில் இருந்தது. கொலையுண்டவர்களின் விதவைகளைப் பேச வைத்தார். மாஃபியாவிலிருந்து விலகிய ஒருவனையும் சாட்சியாக்கினார்.

1901 மே மாதம் வழக்கு நீதிமன்றத்துக்கு வந்தபோது முக்கிய சாட்சி பிறழ்ந்தான். ஊர்ப் பெரிய மனிதர்கள் வரிசையாக வந்து குற்றவாளிகளுக்கு நற்சான்று கொடுத்தார்கள். சாஞ்ஜோர்ஜியை அனுப்பிவைத்த பிரதமர் பெல்லூவின் ஆட்சி அதற்கு முந்தைய ஆண்டே கவிழ்ந்திருந்தது. 32 பேருக்கு மட்டும் தண்டனை. பலர் ஏற்கெனவே உள்ளே இருந்த காலமே போதும் என்று மறுநாளே வெளியே வந்தார்கள். அறிக்கை ஆவணக் காப்பகத்துக்குப் போய் அங்கேயே உறங்கியது. மாஃபியா என்று ஓர் அமைப்பே கிடையாது, அது வெறும் கிராமத்து முரட்டுத்தனம் என்று அதற்குப் பின்னும் பல பத்தாண்டுகள் மேடைகளில் பேசினார்கள்.

நல்ல அதிகாரியை நியமித்துவிட்டால் எல்லாம் சரியாகிவிடும் என்று நம் ஊரிலும் நம்புகிறோம். புதிய கமிஷனர் வந்தால் பத்திரிகைகள் அவரை ‘சிங்கம்’ என்று எழுதுகின்றன. சாஞ்ஜோர்ஜியின் கதை அந்த நம்பிக்கையைக் கலைக்கிறது. அரசியல் மேலிடத்தின் தயவில் மட்டும் நிற்கும் நேர்மை, மேலிடம் மாறும்போது அநாதையாகிவிடும்.

ரத்தம் சிந்திய ஆண்டுகள்

1979 ஜூலை 21, காலை. பலேர்மோவின் லுக்ஸ் பாரில் காபி குடித்துவிட்டுக் கல்லாவில் காசு கொடுக்க நின்றவர் போரிஸ் ஜுலியானோ. பலேர்மோ குற்றப் புலனாய்வுப் பிரிவான ஸ்குவாத்ரா மொபிலேயின் தலைவர். பின்னாலிருந்து வந்தவன் சுட்டான். அமெரிக்கா போய் எஃப்.பி.ஐ.யிடம் பயிற்சி பெற்றவர் ஜுலியானோ. ஹெராயின் எந்த வழியாகப் போகிறது, டாலர் எந்த வழியாகத் திரும்புகிறது என்று நூல் பிடித்துப் போய்க்கொண்டிருந்தார். விமான நிலையத்தில் அரை மில்லியன் டாலர் அடைத்த பெட்டிகள் அவர் கையில் சிக்கியிருந்தன. சுட்டவன் கோர்லியோனே கும்பலின் லியோலுகா பகரெல்லா என்பது பின்னாளில் நிரூபணமானது.

1980 மே 4 அன்று மொன்ரியாலே ஊரில் கராபினியேரி என்ற ராணுவப் போலீஸ் படையின் கேப்டன் எமானுவேலே பசிலே சுடப்பட்டார். அப்போது அவர் கையில் அவருடைய சின்ன மகள் இருந்தாள். மறுநாளே குவெஸ்தோரே வின்சென்சோ இம்மோர்தினோ பெரிய கைது நடவடிக்கையில் இறங்கினார். அதைத் தன் துறையிலேயே சிலருக்குத் தெரியாமல் மறைத்து நடத்த வேண்டிய நிலை அவருக்கு. கைதுகளை உறுதி செய்யும் உத்தரவில் அரசு வழக்கறிஞர் அலுவலகத்தில் மற்றவர்கள் கையெழுத்திடத் தயங்க, தலைமை வழக்கறிஞர் காயேத்தானோ கோஸ்தா தனி ஆளாகக் கையெழுத்திட்டார். அந்த விவரம் வெளியே கசிந்தது. ஆகஸ்ட் 6 அன்று சாலையோரப் புத்தகக் கடையில் புத்தகம் புரட்டிக்கொண்டிருந்தபோது கோஸ்தா கொல்லப்பட்டார்.

1982இல் ப்ரெஃபெத்தோவாக வந்த ஜெனரல் தல்லா கியேசா, கேட்ட சிறப்பு அதிகாரங்கள் கிடைக்காமலேயே செப்டம்பர் 3 அன்று இளம் மனைவியோடு சுட்டுக் கொல்லப்பட்டார். காயமடைந்த காவலரும் பின்னர் இறந்தார். பத்தே நாளில், மாஃபியாவில் சேர்வதையே குற்றமாக்கி, அதன் சொத்துகளைப் பறிமுதல் செய்ய வழி திறந்த சட்டம் நிறைவேறியது. அதுவரை கிடப்பில் கிடந்த மசோதா அது.

அடுத்து வருவது பலேர்மோ போலீஸ் இன்றும் தலைகுனியும் பக்கம். 1985 ஜூலை 28 அன்று, தலைமறைவுக் குற்றவாளிகளைத் தேடும் பிரிவின் அதிகாரி பெப்பே மொந்தானா கொல்லப்பட்டார். கொதித்துப் போன போலீஸார் சல்வத்தோரே மரீனோ என்ற 25 வயது கால்பந்து வீரரைப் பிடித்துக் குவெஸ்தூராவுக்குக் கொண்டு போனார்கள். அடித்தார்கள், உப்புத் தண்ணீரைக் குடிக்க வைத்தார்கள். விடிவதற்குள் மரீனோ பிணமானார். உள்துறை அமைச்சர் ஸ்கல்ஃபாரோ, ஸ்குவாத்ரா மொபிலேயின் தலைவரை உடனே பதவியிலிருந்து அகற்றினார். அடுத்த நாள், ஆகஸ்ட் 6, அதே பிரிவின் துணைத் தலைவர் நின்னி கஸ்ஸாராவை வீட்டு வாசலில் வைத்து மாஃபியா சுட்டுத் தள்ளியது. மாடியிலிருந்து மனைவி பார்த்துக்கொண்டிருந்தார். விடுமுறையை விட்டுவிட்டு அவருக்குக் காவலாக வந்திருந்த 23 வயது ரொபேர்த்தோ அந்தியோகியாவும் செத்து விழுந்தார்.

தோழனைக் கொன்றார்கள் என்பதால் லாக்கப்பில் ஒருவரைக் கொல்லலாமா? கூடாது என்பதற்கு அறம் மட்டும் காரணமல்ல. மரீனோவின் மரணம் மொந்தானா கொலை விசாரணையையே நாசமாக்கியது. போலீஸ் மீதிருந்த மக்களின் அனுதாபம் ஒரே இரவில் கோபமாக மாறியது. மாஃபியாவை எதிர்த்துப் பல ஆண்டுகள் கட்டிய பிரிவு ஒரு வாரத்தில் சிதைந்தது. சட்டத்தை மீறிய அடி, அடித்தவன் தலையிலேயே விழுந்தது.

பொய் சாட்சியும் 25 ஆண்டுகளும்

1992 ஜூலை 19, ஞாயிற்றுக்கிழமை. வியா தமேலியோ தெருவில் தாயைப் பார்க்க வந்த, மாஃபியா வழக்குகளை விசாரித்த நீதிபதி பாவ்லோ போர்செல்லினோவும் ஐந்து காவலர்களும் கார் குண்டில் சிதறினார்கள். அந்த வாசலில் கார் நிறுத்தத் தடை வேண்டும் என்ற கோரிக்கை அதற்கு முன்பே எழுந்திருந்தது. தடை போடப்படவில்லை. போர்செல்லினோவின் நண்பரும் சக நீதிபதியுமான ஜோவான்னி ஃபால்கோனே கொல்லப்பட்டு இரண்டு மாதம்கூட ஆகவில்லை. காவலர்களின் இறுதிச் சடங்கில் கூட்டம் தடுப்பை உடைத்துக்கொண்டு நாட்டின் அதிபரையே நெருக்கித் தள்ளியது. கோபத்தோடு முன்னால் நின்றவர்களில் சீருடை போட்டவர்களும் இருந்தார்கள்.

வழக்கைத் துப்பறிந்தவர் ஆர்னால்தோ லா பார்பேரா. அவர் கொண்டுவந்த சாட்சி வின்சென்சோ ஸ்கரந்தீனோ என்ற சில்லறைக் குற்றவாளி. அவன் வாக்குமூலத்தை வைத்து ஏழு பேருக்கு ஆயுள் தண்டனை. லா பார்பேரா 1994இல் பலேர்மோவின் குவெஸ்தோரே ஆனார். பிறகு நேப்பிள்ஸ், ரோம் என்று உயர்ந்தார்.

2008இல் கஸ்பாரே ஸ்பதுஸ்ஸா என்ற மாஃபியாக்காரன், குண்டு வைத்த ஃபியட் 126 காரைத் திருடியது நான்தான் என்று ஒப்புக்கொண்டபோது வழக்கின் கட்டடமே சரிந்தது. ஸ்கரந்தீனோ சொன்னது பொய். செய்யாத கொலைக்குச் சிறையில் கிடந்தவர்கள் 2011இல் வெளியே வந்தார்கள். 2017 ஏப்ரலில் தீர்ப்பளித்த கல்தானிஸ்ஸெத்தா நீதிமன்றம் இந்த வழக்கின் திசைதிருப்பலை இத்தாலிய நீதி வரலாற்றின் மிக மோசமானவற்றில் ஒன்று என்றது. அதில் லா பார்பேராவின் பங்கு அடிப்படையானது என்றும் எழுதியது. அவர் 2002லேயே இறந்துவிட்டார். விசாரிக்கப்படவும் முடியாது, தன் தரப்பைச் சொல்லவும் முடியாது. அவருக்குக் கீழ் வேலை பார்த்த மூன்று போலீஸார் மீதான வழக்கில், 2022இல் இருவருக்குக் காலக்கெடு கடந்துவிட்டது என்றும் ஒருவர் விடுதலை என்றும் தீர்ப்பானது. போர்செல்லினோவின் பிள்ளைகள் இன்றும் கேட்டுக்கொண்டிருக்கிறார்கள்: யாருக்காக இந்தப் பொய்?

இத்தாலிய அரசியலமைப்பின் 109ஆவது பிரிவு, குற்றப் புலனாய்வுப் போலீஸ் நேரடியாக நீதித்துறையின் கட்டளைக்குக் கீழ் இயங்கும் என்கிறது. அங்கே அரசு வழக்கறிஞரும் நீதித்துறையைச் சேர்ந்தவர். அமைச்சருக்குக் கட்டுப்பட்டவர் அல்ல. குற்றம் தெரியவந்தால் வழக்குத் தொடர்வது அவர் கடமை என்கிறது 112ஆவது பிரிவு. பணியின்போது பலப்பிரயோகம் செய்த போலீஸார் மீது வழக்குப் போட அமைச்சரின் அனுமதி வேண்டும் என்றிருந்த ஃபாசிச காலத்து விதியை அரசியலமைப்பு நீதிமன்றம் 1963லேயே தூக்கி எறிந்தது. இவ்வளவு இருந்தும் வியா தமேலியோவில் பொய் ஜெயித்தது. போலீஸ் கொடுத்ததை வழக்கறிஞர்களும் நீதிபதிகளும் உரசிப் பார்க்காமல் வாங்கிக்கொண்டதுதான் காரணம். மேற்பார்வை என்பது சட்டப் புத்தகத்தில் இருந்தால் போதாது. மேற்பார்வையிடுபவர் சந்தேகப்படத் துணிய வேண்டும். ஆனால் அதே அமைப்புதான், பிந்தினாலும், தன் தவறைத் தானே தோண்டி எடுத்து உலகத்தின் முன் வைத்தது.

நம் ஊரில்

சென்னை போலீஸ் கமிஷனரை நியமிப்பதும் மாற்றுவதும் மாநில அரசு. ஆட்சி மாறினால் கமிஷனர் மாறுவார் என்பது நமக்குப் பழகிப்போன விஷயம். 2006 செப்டம்பர் 22 அன்று பிரகாஷ் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம், போலீஸை அரசியல் பிடியிலிருந்து விடுவிக்க ஏழு கட்டளைகளை இட்டது. முக்கியப் பதவிகளுக்கு இரண்டாண்டு உத்தரவாதம், புலனாய்வையும் சட்டம் ஒழுங்கையும் பிரிப்பது, ஓய்வுபெற்ற நீதிபதி தலைமையில் போலீஸ் மீதான புகார் ஆணையம் ஆகியவை அதில் உண்டு. தமிழ்நாடு 2013இல் போலீஸ் சீர்திருத்தச் சட்டம் கொண்டுவந்தது. அதன்படி மாநிலப் புகார் ஆணையத்தின் தலைவர் உள்துறைச் செயலாளர். உறுப்பினர்கள் உயர் போலீஸ் அதிகாரிகள். புகாருக்கு ஆளான துறையே புகாரை விசாரிக்கும் ஏற்பாடு இது.

2020 ஜூனில் சாத்தான்குளத்தில் ஜெயராஜும் அவர் மகன் பென்னிக்ஸும் போலீஸ் அடித்ததால் இறந்தபோது உண்மை எப்படி வெளியே வந்தது? உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை தானாக முன்வந்து வழக்கை எடுத்தது. அது அனுப்பிய மாஜிஸ்திரேட்டையே ஸ்டேஷனில் அவமதித்தார்கள். உடனே அந்த ஸ்டேஷனை வருவாய்த் துறையின் கட்டுப்பாட்டில் கொண்டுவர நீதிமன்றம் உத்தரவிட்டது. விடிய விடிய அடித்ததை ஒரு பெண் காவலர் துணிந்து சொன்னார். போலீஸ் மேலிடத்தின் உள்விசாரணை அல்ல, ஸ்டேஷனுக்குள் காலடி வைத்த மாஜிஸ்திரேட்டும் அவரைத் தாங்கி நின்ற நீதிபதிகளும்தான் அந்த வழக்கைக் காப்பாற்றினார்கள்.

இலங்கையில் இன்னும் தெளிவான உதாரணம் இருக்கிறது. ஒருவரைச் சித்திரவதை செய்ததற்குப் பொறுப்பு என்று 2023 டிசம்பரில் உச்ச நீதிமன்றமே சொன்ன தேசபந்து தென்னகோன், அடுத்த சில வாரங்களில் நாட்டின் போலீஸ் மா அதிபர் ஆக்கப்பட்டார். 2024 ஜூலையில் உச்ச நீதிமன்றம் அவர் செயல்படத் தடை போட்டது. விசாரணைக் குழு அறிக்கைக்குப் பின், 2025 ஆகஸ்ட் 5 அன்று 177 ஓட்டுகளோடு, ஓர் எதிர் ஓட்டுகூட இல்லாமல், நாடாளுமன்றம் அவரைப் பதவி நீக்கியது.

போலீஸ் தலைவரை மேயர் நியமிப்பதா, முதல்வரா, டெல்லியா என்று நாம் விவாதித்துக்கொண்டிருக்கலாம். பலேர்மோவில் 150 ஆண்டுகளாக நியமித்தது மத்திய அரசுதான். அல்பனேசேவை நியமித்ததும் அதுவே, சாஞ்ஜோர்ஜியை நியமித்ததும் அதுவே. மாறியது, நியமித்தவரைத் தாண்டி இன்னொரு கை அந்த நாற்காலியை எட்ட முடிகிறதா என்பதுதான்.

தமிழ்நாடு கேட்க வேண்டியது மூன்று. புகார் ஆணையத்தில் உள்துறைச் செயலாளர் எழுந்து, உச்ச நீதிமன்றம் சொன்னபடி ஓய்வுபெற்ற நீதிபதி உட்கார வேண்டும். காவல் நிலைய மரணங்களில் வழக்குத் தொடர அரசின் அனுமதி வேண்டுமா என்ற வாதத்துக்கே இடமில்லாதபடி சட்டம் திருத்தப்பட வேண்டும். லாக்கப்பில் அடிப்பது எந்த அதிகாரியின் பணியிலும் சேராது. புலனாய்வு செய்யும் அதிகாரி, நடுவில் தூக்கியடிக்கப்படுவோம் என்ற பயமில்லாமல் வழக்கை முடிக்கும்வரை இருக்க வேண்டும். இந்த மூன்றுக்கும் புதிய பணமோ புதிய கட்டடமோ தேவையில்லை. 2006லேயே தீர்ப்பு எழுதியாகிவிட்டது. அடுத்த தேர்தலில் வீடு தேடி ஓட்டுக் கேட்டு வருபவரிடம், எந்தக் கட்சியாக இருந்தாலும், இதைச் செய்வீர்களா என்று கேட்போம். பதில் வரும்வரை கேட்போம்.